லாந்தனம் ஆக்சைடு புட்டிக்குள் உண்மையில் இருப்பது எது? (ஹைட்ராக்சைடு பற்றிய இழை)

நீலச்சுடர்

எல்லோருக்கும் வணக்கம். நான் முதுகலை வேதியியல் மாணவி. திட்டப்பணிக்காக லாந்தனம் குப்ரேட் (லாந்தனம், காப்பர், ஆக்சிஜன் சேர்ந்த சேர்மம்) செய்துகொண்டிருக்கிறேன். 1986-இல் பெட்னோர்ஸ், மியூலர் இருவரும் உயர்வெப்ப மீகடத்தலை (வழக்கத்தைவிட உயர்ந்த வெப்பநிலையில் மின்தடை இல்லாமல் போவதை) கண்டது இதே சேர்மத்தில் பேரியம் கலந்தபோதுதான். அதனால் ஆசையோடு எடுத்துக்கொண்டேன்.

லாந்தனம் ஆக்சைடு 10 கிராம், காப்பர் ஆக்சைடு 2.44 கிராம். நன்றாக அரைத்து, 950 டிகிரி செல்சியஸில் சுட்டு, மறுபடி அரைத்து மறுபடி சுட்டேன். மூன்று சுற்று முடிந்தும் எக்ஸ்ஆர்டி (பொடியில் எந்தப் படிகம் இருக்கிறது என்று எக்ஸ்கதிரால் காட்டும் சோதனை) வரைபடத்தில் 35.5, 38.7 டிகிரிகளில் காப்பர் ஆக்சைடின் பீக்குகள் அப்படியே நிற்கின்றன. சுடும் நேரத்தைக் கூட்டியும் பயனில்லை.

எடையைப் பலமுறை சரிபார்த்துவிட்டேன். லாந்தனம் ஆக்சைடு புட்டியில் தூய்மை 99.9 சதவீதம் என்று போட்டிருக்கிறது. திறந்து இரண்டு வருடம் ஆன புட்டி என்றார்கள். பொடி வெள்ளை வெளேரென்று, கட்டி தட்டாமல் இருக்கிறது. எங்கே தவறுகிறேன் என்று தெரியவில்லை.

பழையதராசு

தராசு சரியாகத்தான் காட்டியிருக்கும். தட்டில் இருந்தது லாந்தனம் ஆக்சைடு என்று நம்பியதில்தான் கோளாறு. இரண்டு வருடம் காற்றைப் பார்த்த அந்தப் பொடியில் பெரும்பகுதி இப்போது லாந்தனம் ஹைட்ராக்சைடு.

லாந்தனம் ஆக்சைடு சுட்ட சுண்ணாம்பைப் போன்றது. தண்ணீரை ஊற்றினால் சூடேறி நீறிவிடும். ஊற்ற வேண்டும் என்றுகூட இல்லை, காற்றின் ஈரமே போதும், கொஞ்சம் மெதுவாக நடக்கும். ஓர் ஆக்சைடு அலகு மூன்று நீர் மூலக்கூறுகளை வாங்கி இரண்டு ஹைட்ராக்சைடாகும். எடையில் பார்த்தால் 325.8 கிராம் ஆக்சைடு 379.9 கிராம் ஹைட்ராக்சைடாகிறது. நூற்றுக்கு 16.6 பங்கு எடை கூடுகிறது. இரண்டும் வெள்ளைப் பொடி, கண்ணால் வேறுபாடு தெரியாது.

உங்கள் கணக்கையே எடுத்துக்கொள்வோம். 10 கிராமும் ஹைட்ராக்சைடாக மாறியிருந்தது என்றால் அதற்குள் இருந்த ஆக்சைடு 8.58 கிராம்தான். அதற்கு வேண்டிய காப்பர் ஆக்சைடு 2.09 கிராம். நீங்கள் போட்டது 2.44. மீதி 0.35 கிராம் சேர இடமில்லாமல் நிற்கிறது. எத்தனை நாள் சுட்டாலும் அது போகாது.

இன்று ஒரு வேலை செய்யுங்கள். 1 கிராம் பொடியை எடை பார்த்த மூசையில் வைத்து 1000 டிகிரியில் ஓர் இரவு சுடுங்கள். உலை 200 டிகிரிக்கு இறங்கியதும் எடுத்து டெசிகேட்டரில் (ஈரம் புகாத மூடிய கலத்தில்) ஆறவிட்டு உடனே எடை போடுங்கள். முடிவை இங்கே எழுதுங்கள்.

வெண்துகள்

சுடுவதற்கு முன்னால் அந்தப் பொடியையே ஒரு எக்ஸ்ஆர்டி எடுத்துப் பாருங்கள். கருவியில் காப்பர் எக்ஸ்கதிர்க் குழாய் இருந்தால் 15.7 டிகிரி பக்கத்தில் தெளிவான ஒரு பீக், 27.3, 28.0 என்று ஒட்டிக்கொண்டு இரண்டு, 39.5-இல் ஒன்று. இவை இருந்தால் ஹைட்ராக்சைடு. அகச்சிவப்பு நிறமாலை வசதி இருந்தால் 3610 அலையெண்ணுக்கு அருகே கூர்மையான ஓஎச் பட்டை நிற்கும். ஈரம் மேலே ஒட்டியிருந்தால் அது அகலமாக வரும். படிக அமைப்புக்குள்ளேயே இருக்கும் ஹைட்ராக்சைடுதான் இப்படிக் கூர்மையாகக் காட்டும்.

நீலச்சுடர்

இரண்டையும் செய்துவிட்டேன். வெண்துகள் அக்கா சொன்ன நான்கு பீக்குகளும் அதே இடங்களில். ஆக்சைடின் பீக்குகளைத் தேடித்தான் பார்க்க வேண்டியிருந்தது. 1.000 கிராம் வைத்தேன், காலையில் 0.852 கிராம் இருந்தது.

ஆனால் ஒரு குழப்பம். முழுவதும் ஹைட்ராக்சைடாக இருந்தாலே 14.2 சதவீதம்தானே குறைய வேண்டும்? எனக்கு 14.8 குறைந்திருக்கிறது. மாறாத ஆக்சைடு வேறு கொஞ்சம் இருக்கிறது.

பழையதராசு

நல்ல கவனம். அதிகப்படி எடை கார்பன் டைஆக்சைடு. லாந்தனம் ஹைட்ராக்சைடு நல்ல காரம், காற்றிலிருந்து அதையும் இழுத்துக்கொள்ளும். மேற்பரப்பில் ஹைட்ராக்சிகார்பனேட் உண்டாகும். அது சுடும்போது 24.6 சதவீதம் இழக்கும். அதனால் கொஞ்சம் இருந்தாலே மொத்த இழப்பைத் தூக்கிவிடும். பொடியில் ஒரு துளி நீர்த்த ஹைட்ரோகுளோரிக் அமிலம் விட்டுப் பாருங்கள், குமிழ் வந்தால் கார்பனேட்தான்.

இதனால்தான் 1000 டிகிரி என்றேன். ஹைட்ராக்சைடு மட்டும் என்றால் அவ்வளவு வேண்டாம். 300-இலிருந்து 400 டிகிரிக்குள் முதல் நீரை விட்டு ஆக்சிஹைட்ராக்சைடாகும், அப்போது 9.5 சதவீதம் போகும். 500 டிகிரியை ஒட்டி மிச்சமிருந்த 4.7 சதவீதமும் போய் ஆக்சைடு வந்துவிடும். கார்பனேட் பகுதி அவ்வளவு எளிதில் விடாது, 700 டிகிரிக்கு மேலும் ஒட்டிக்கொண்டிருக்கும். 600 டிகிரியில் சுட்டு, காய்ந்துவிட்டது என்று நினைத்து ஏமாந்தவர்களை நிறையப் பார்த்திருக்கிறேன். நானும் அப்படி ஒரு வருடத்தில் பாதியை இழந்தவன். பெரோவ்ஸ்கைட் என்ற படிக அமைப்புள்ள சேர்மம் ஒன்றில் லாந்தனம் குறைவதற்குப் புதிய காரணங்கள் எல்லாம் கற்பித்து அறிக்கை எழுதி, கடைசியில் பார்த்தால் புட்டிதான் காரணம்.

மணல்மேடு

எனக்கு ஒரு மாற்றுக் கருத்து. ஆக்சைடைச் சுட்டு, ஓடி ஓடி எடை போடுவதற்குப் பதில், அதைத் தண்ணீரில் போட்டு முழுவதும் ஹைட்ராக்சைடாக்கி, உலர்த்தி, ஹைட்ராக்சைடாகவே எடை போட்டால் என்ன? அதுதானே காற்றில் நிலையான வடிவம்?

பழையதராசு

ஈரத்தின் முன்னால் நிலையானது, கார்பன் டைஆக்சைடின் முன்னால் இல்லை. உலர்த்தும்போதே கார்பனேட் ஏறிவிடும். புதிதாக வீழ்படிவாக்கிய ஹைட்ராக்சைடு கொழகொழவென்று இருக்கும், அதற்குள் எவ்வளவு நீர் தங்கியிருக்கிறது என்று சொல்லவே முடியாது. எடை போடும் வடிவமாக நான் அதை நம்பமாட்டேன்.

சுடவே பிடிக்கவில்லை என்றால் இன்னொரு வழி இருக்கிறது. பொடியை நைட்ரிக் அமிலத்தில் கரைத்துவிடுங்கள். ஆக்சைடு, ஹைட்ராக்சைடு, கார்பனேட் எதுவாக இருந்தாலும் ஒரே லாந்தனம் நைட்ரேட்டாகிவிடும். பிஹெச் 5-க்கும் 6-க்கும் நடுவில் வைத்து, சைலினால் ஆரஞ்சு நிறங்காட்டி போட்டு, லாந்தனத்தைப் பிடித்துக்கொள்ளும் ஈடிடிஏ கரைசல் கொண்டு தரம்பார்த்தால் எவ்வளவு லாந்தனம் என்று நேரடியாகத் தெரியும். கரைசல் வழியில் குப்ரேட் செய்கிறவர்களுக்கு இதுதான் மேல்.

மணல்மேடு

சரி, ஏற்றுக்கொள்கிறேன்.

நீலச்சுடர்

அமிலத் துளி விட்டேன், மெல்லிய குமிழ் வந்தது! ஒரு கேள்வி: என் அலமாரியில் யிட்ரியம் ஆக்சைடும் அதே வயதில் இருக்கிறது. அதைச் சுட்டபோது எடை குறையவே இல்லை. இரண்டும் அருமண் எனப்படும் தனிமக் குடும்பத்தின் ஆக்சைடுதானே?

வெண்துகள்

அயனியின் அளவுதான் காரணம். லாந்தனம் அயனியின் ஆரம் ஏறக்குறைய 103 பிக்கோமீட்டர். லாந்தனைடு வரிசையில் போகப்போகச் சுருங்கி லுட்டீசியத்தில் 86-க்கு வந்துவிடும். யிட்ரியம் அந்த வரிசையில் இல்லாவிட்டாலும் அளவில் ஹோல்மியத்துக்குப் பக்கத்தில் உட்காரும். மின்னூட்டம் எல்லாவற்றுக்கும் ஒன்றுதான், மூன்று. பெரிய அயனியில் அந்த மின்னூட்டம் பரவிக்கிடப்பதால் ஹைட்ராக்சைடை அது இறுக்கிப் பிடிப்பதில்லை. எனவே அருமண் ஹைட்ராக்சைடுகளில் லாந்தனத்துடையதே வலுவான காரம். அம்மோனியம் உப்போடு சேர்த்துச் சூடாக்கினால் அம்மோனியாவை வெளியேற்றும் அளவுக்கு. நியோடிமியம் ஆக்சைடும் ஈரம் வாங்கும், ஆனால் லாந்தனம் அளவுக்கு இல்லை.

படிக அமைப்பும் அழகானது. ஒவ்வொரு லாந்தனத்தைச் சுற்றியும் ஒன்பது ஆக்சிஜன்கள். ஒரு முக்கோணப் பட்டகத்தின் ஆறு மூலைகளில் ஆறு, மூன்று பக்கங்களுக்கு வெளியே மூன்று. அறுகோண அமைப்பு, ஓர் அச்சில் வேகமாக வளரும். அதனால்தான் அழுத்தக் கலனில் காரக் கரைசலோடு சூடாக்கும்போது நானோ குச்சிகளாகவே வந்து நிற்கிறது. நான் முதன்முதலில் மின்னணு நுண்ணோக்கியில் அந்தக் குச்சிக் கட்டுகளைப் பார்த்த நாளை மறக்கவில்லை. அந்தக் குச்சிகளைப் பதமாகச் சுட்டால் ஆக்சைடும் குச்சி வடிவத்திலேயே கிடைக்கும்.

ஹைட்ராக்சைடுகளின் நிறங்களைப் பொறுத்தவரை லாந்தனம், யிட்ரியம் இரண்டும் வெள்ளை, நியோடிமியம் இளஞ்சிவப்பு கலந்த ஊதா, பிரசியோடிமியம் பச்சை. சீரியம் மட்டும் தனிப்பிறவி. வெள்ளையாக வீழ்படிவாகி, காற்றுப் பட்டதும் நிறம் மாறி, கடைசியில் மஞ்சளாகும்.

மணல்மேடு

வெண்துகள் சொன்ன அந்தச் சீரியத்தின் நிறமாற்றம்தான் தாதுவிலிருந்து அருமண்களைப் பிரிக்கும் எங்கள் தொழிலின் பழைய தந்திரம். அருமண்களின் கலவை ஹைட்ராக்சைடைக் காற்றில் சூடாக உலர்த்தினால் சீரியம் மூன்றிலிருந்து நான்குக்கு ஏறிவிடும். அப்புறம் நீர்த்த அமிலம் ஊற்றினால் லாந்தனமும் மற்றவையும் கரைந்து போகும், சீரியம் கரையாமல் அடியில் தங்கும்.

1839-இல் மொசாண்டர் லாந்தனத்தைக் கண்டுபிடித்ததும் ஏறக்குறைய இதே வழியில்தான். சீரியம் நைட்ரேட்டைச் சூடாக்கிச் சிதைத்து நீர்த்த நைட்ரிக் அமிலத்தால் அலசினார். கரைந்து வந்த பங்கில் புதிய மண் (ஆக்சைடுக்கு அன்றைய பெயர்) ஒன்று ஒளிந்திருந்தது. ஒளிந்திருத்தல் என்ற பொருள்படும் கிரேக்கச் சொல்லிலிருந்து பெயர் வைத்தார்கள்.

ஏரிக்கரை

நீர்நிலை மீட்பு வேலையில் இருப்பவன் நான். எங்களுக்கு லாந்தனம் என்றால், பாசிக்கு உணவாகும் பாஸ்பேட்தான் நினைவுக்கு வரும். ஒரு லாந்தனம் ஒரு பாஸ்பேட்டைப் பிடிக்கும், பிடித்தால் சாதாரண நீர்நிலையில் விடாது. நீலச்சுடர், அந்தப் பழைய பொடியைத் தூக்கிப் போடாதீர்கள், தண்ணீர்ச் சோதனை செய்கிறவர்களுக்கு உதவும்.

தாமரைத்தடாகம்

இழையைப் படித்துக்கொண்டே வந்தேன், இப்போது ஆவல் தாங்கவில்லை. எங்கள் தோட்டக் குளம் பாசி பிடித்துப் பச்சையாகக் கிடக்கிறது. மீன்கள் இருக்கின்றன. தெரிந்த ஒருவரிடம் லாந்தனம் ஹைட்ராக்சைடு பொடி அரைக் கிலோ இருக்கிறது. அதை அப்படியே தூவிவிடலாமா?

ஏரிக்கரை

தயவுசெய்து தூவ வேண்டாம். ஏன் என்று விளக்கமாக எழுதுகிறேன், ஏனென்றால் இதைப் பலர் கேட்கிறார்கள்.

முதலில் கணக்கு. கோட்பாட்டளவில் 1 கிராம் பாஸ்பரஸைப் பிடிக்க 6.1 கிராம் லாந்தனம் ஹைட்ராக்சைடு போதும். நடைமுறையில் போதாது. பொடியின் மேற்பரப்புதான் முதலில் பாஸ்பேட்டாகும், அந்தத் தோல் உள்ளே இருப்பதை மூடிவிடும். கரடுமுரடான பொடி பெரும்பகுதி வீணாகிக் குளத்தின் அடியில் கிடக்கும்.

இரண்டாவது, பிஹெச். ஹைட்ராக்சைடு பாஸ்பேட்டை வாங்கும்போது தன்னிடம் உள்ள ஓஎச் அயனிகளைத் தண்ணீருக்குள் விடுகிறது. சின்னக் குளத்தில், தாங்குதிறன் குறைந்த நீரில், பிஹெச் ஏறும். ஏறினால் பொடியின் மேற்பரப்பு எதிர்மின்னூட்டம் பெற்றுப் பாஸ்பேட்டைத் தள்ளத் தொடங்கும். பாசி நிறைந்த குளத்தில் பகல் வெளிச்சத்தில் ஏற்கெனவே பிஹெச் உயர்ந்துதான் இருக்கும். ஆக நீங்கள் சேர்க்கும் வேளையே அதற்குப் பாதகமான வேளை.

மூன்றாவதுதான் எனக்குக் கவலை. லாந்தனம் கரைந்த அயனியாக இருக்கும்போது நீர்த்தெள்ளு போன்ற சிற்றுயிர்களுக்குக் கெடுதல். கார்பனேட் மிகுந்த கடின நீரில் அந்த அயனி சீக்கிரம் பிணைந்துவிடும், மென்னீரில் அப்படி நடக்காது. ஹைட்ராக்சைடு மிகமிகக் குறைவாகவே கரையும், கரைதிறன் பெருக்கம் 10-இன் மைனஸ் 20-ஆம் அடுக்கை ஒட்டியது. அதை நம்பிக்கொண்டு இருக்க முடியாது, நீர் அமிலத்தன்மைக்குச் சாய்ந்தால் கரைவது கூடும். உங்கள் நீரின் தன்மையை அளக்காமல் மீன் இருக்கும் குளத்தில் போடச் சொல்ல எனக்கு மனம் வராது.

ஏரிகளில் நாங்கள் நேரடியாக ஹைட்ராக்சைடைப் போடுவதில்லை. 1990-களில் ஆஸ்திரேலியாவின் அரசு ஆய்வு நிறுவனமான சிஎஸ்ஐஆர்ஓ உருவாக்கிய முறையில், பெண்டோனைட் களிமண்ணின் அடுக்குகளுக்கு நடுவே லாந்தனத்தை ஏற்றிவைப்பார்கள். எடையில் ஏறக்குறைய 5 சதவீதம் லாந்தனம். அயனி வெளியே அதிகம் கசியாது. களிமண் மெல்ல இறங்கிப் பாஸ்பேட்டை வழியில் பிடித்து, சேற்றின் மேல் ஒரு மெல்லிய போர்வையாகப் படியும். சேற்றிலிருந்து மேலே வரும் பாஸ்பேட்டையும் அது தடுக்கும். பழைய ஏரிகளில் அந்தச் சேறுதான் பெரிய தொல்லை.

உங்கள் குளத்துக்கு முதலில் மீன் தீவனத்தைக் குறைத்து, உதிர்ந்த இலைகளை அள்ளி, உரம் கலந்த நீர் உள்ளே வராமல் தடுத்துப் பாருங்கள். பாஸ்பேட் வந்துகொண்டே இருந்தால் எந்த மருந்தும் சில மாதங்களில் தீர்ந்துவிடும்.

தாமரைத்தடாகம்

நல்ல வேளை கேட்டேன். பொடியை வாங்கவில்லை. தீவனம் உண்மையிலேயே அதிகம்தான் போடுகிறோம், இன்றிலிருந்து குறைக்கிறேன். மிக்க நன்றி.

நீலச்சுடர்

ஏரிக்கரை ஐயா, இதே வேதியியல்தானே சிறுநீரக நோயாளிகளுக்குக் கொடுக்கும் லாந்தனம் மருந்திலும்?

ஏரிக்கரை

ஆமாம், அங்கே கார்பனேட். 2004-இல் அமெரிக்காவின் மருந்துக் கட்டுப்பாட்டு அமைப்பான எஃப்டிஏ ஒப்புதல் தந்தது. இரைப்பை அமிலத்தில் கரைந்து, உணவிலுள்ள பாஸ்பேட்டைக் குடலிலேயே கட்டி வெளியேற்றும். அது மருத்துவர் அளவு பார்த்துத் தரும் மருந்து, ஆய்வகப் பொடிக்கும் அதற்கும் தொடர்பு வேண்டாம். ஆய்வகப் பொடியின் தூசியை மூச்சில் இழுக்கக் கூடாது. அருமண் தூசியை நெடுங்காலம் சுவாசித்தவர்களுக்கு நுரையீரல் நோய் வந்தது பதிவாகியிருக்கிறது. முகக்கவசம் போட்டு அரையுங்கள்.

மின்கலன்வாசி

பயன்களைப் பற்றியே பேசுகிறீர்கள். எங்கள் பக்கம் லாந்தனம் ஹைட்ராக்சைடு ஒரு நோய். நிக்கல் உலோக ஹைட்ரைடு மின்கலத்தின் எதிர்முனையில் ஒரு லாந்தனத்துக்கு ஐந்து நிக்கல் என்ற உலோகக்கலவை குடும்பம்தான் ஹைட்ரஜனைத் தாங்குகிறது. சுற்றிலும் அடர்ந்த பொட்டாசியம் ஹைட்ராக்சைடு. மின்னேற்றி இறக்கும் ஒவ்வொரு சுற்றிலும் கலவை உப்பிச் சுருங்கி விரிசல் விடும், புதிய பரப்பு திறக்கும், அங்கே உள்ள லாந்தனம் நீரோடு சேர்ந்து ஹைட்ராக்சைடு ஊசிகளாக முளைக்கும். லாந்தனம் போன இடத்தில் ஹைட்ரஜனை வைத்துக்கொள்ள ஆளில்லை. அதோடு மின்பகுளியின் நீரும் செலவாகி, கலம் உள்ளே உலர்ந்து, மின்தடை ஏறும். பழைய கலத்தைத் திறந்து நுண்ணோக்கியில் பார்த்தால் அந்த ஊசிகள் புல் முளைத்தது போல் தெரியும்.

நியோடிமியம் காந்தங்களிலும் இதே கதை. துகள்களுக்கு இடையே உள்ள நியோடிமியம் மிகுந்த பகுதி ஈரத்தோடு சேர்ந்து ஹைட்ராக்சைடாகி ஹைட்ரஜனை விடும். பூச்சு உரிந்த காந்தம் பொடிப்பொடியாக உதிர்வதற்கு அதுவும் ஒரு காரணம்.

வெண்துகள்

உதிர்வது என்றதும் ஞாபகம் வருகிறது. லாந்தனம் ஆக்சைடின் அடர்த்தி ஒரு கன சென்டிமீட்டருக்கு 6.5 கிராம், ஹைட்ராக்சைடுக்கு 4.4-ஐ ஒட்டி. எடை கூடி அடர்த்தி குறைவதால் கன அளவு ஏறக்குறைய 70 சதவீதம் பெருகுகிறது. எந்தப் பெல்லட்டும் அதைத் தாங்காது. 1400 டிகிரியில் சுட்டுக் கல் போல எடுத்த லாந்தனம் ஆக்சைடு வில்லைகளை மேசையில் வைத்துவிட்டு விடுமுறைக்குப் போனேன். திரும்பி வந்தபோது வில்லை இருந்த இடத்தில் மாவுக் குவியல்.

பழையதராசு

மின்கலன்வாசி சொன்ன அதே வீழ்படிவு வேறோர் இடத்தில் காவலுக்கும் நிற்கிறது. அலுமினியக் கலவைகளில் அரிப்பு தொடங்கும்போது, ஆக்சிஜன் ஒடுங்கும் எதிர்முனைப் புள்ளிகளில் பிஹெச் உயரும். கரைசலில் சீரியமோ லாந்தனமோ இருந்தால் சரியாக அந்தப் புள்ளிகளில் மட்டும் ஹைட்ராக்சைடாகப் படிந்து அடைத்துவிடும். நச்சுத்தன்மை கொண்ட குரோமேட்டுக்கு மாற்றாக இதை ஆராய்கிறார்கள். எங்கே தேவையோ அங்கே தானாகப் போய்ப் படிகிறது என்பது எனக்கு ஒவ்வொரு முறையும் வியப்பு.

மணல்மேடு

ஏரிக்கரை சொன்ன பாஸ்பேட் பிடிப்பின் மறுபக்கத்தை நான் சொல்ல வேண்டும். அருமண் தாதுவான மோனசைட் என்பதே அருமண் பாஸ்பேட்தான். ஏரியின் அடியில் லாந்தனம் பாஸ்பேட் முதலில் நீர் கோத்த ராப்டோபேன் என்ற கனிமமாகப் படிகிறது, காலப்போக்கில் மோனசைட் அமைப்பை நோக்கித்தான் நகரும். அங்கே பூட்டுகிறார்கள், இங்கே அதே பூட்டை உடைப்பதுதான் எங்கள் வேலை.

உடைக்க என்ன வேண்டும் தெரியுமா? நன்றாக அரைத்த மோனசைட்டை அடர்ந்த காஸ்டிக் சோடாவில் 140 டிகிரியை ஒட்டிய சூட்டில் மணிக்கணக்கில் வேகவைக்க வேண்டும். அப்போதுதான் பாஸ்பேட் விட்டுக்கொடுத்து டிரைசோடியம் பாஸ்பேட்டாகக் கரைசலுக்குப் போகும். அருமண்கள் கலவை ஹைட்ராக்சைடாகக் கெட்டியாக நிற்கும், தோரியமும் கூடவே நிற்கும், பிரித்தெடுக்க வேண்டும். லாந்தனம் ஹைட்ராக்சைடு ஈரியல்பு இல்லாதது, எவ்வளவு காரம் ஊற்றினாலும் கரையாது என்பதால்தான் இந்த வழியே சாத்தியமாகிறது. கழுவி அமிலத்தில் கரைத்தால் பிரிப்புக்குத் தயார். கண்ணாடி வில்லைக்குப் போகும் லாந்தனமும், பெட்ரோலிய வினையூக்கிக்குப் போகும் லாந்தனமும் இந்த வழியில் வரும்போது இடையில் ஒருமுறை ஹைட்ராக்சைடாக இருந்தவைதான்.

ஏரிக்கரை

அருமை. பாஸ்பேட் பிடித்து நிறைந்த வடிகட்டியைக் காஸ்டிக் சோடா கொண்டு மீட்கலாம் என்று எழுதுகிறார்கள், ஆனால் எங்கள் சோதனைகளில் அரைகுறையாகத்தான் மீண்டது. உங்கள் 140 டிகிரியைக் கேட்ட பிறகு காரணம் புரிகிறது. நாங்கள் அறைவெப்பத்தில் செய்துகொண்டிருந்தோம்.

நீலச்சுடர்

கடைசி நிலவரம். பொடி முழுவதையும் 1000 டிகிரியில் 12 மணிநேரம் சுட்டு, சூடு இருக்கும்போதே டெசிகேட்டருக்கு மாற்றி, எடுத்த பத்து நிமிடத்துக்குள் எடை போட்டு, காப்பர் ஆக்சைடோடு அரைத்து உலையில் வைத்தேன். இரண்டே சுற்று. இன்று வரைபடம் வந்தது. 35.5-இலும் 38.7-இலும் காப்பர் ஆக்சைடு இல்லை. வழிகாட்டியிடம் காட்டியபோது அவர் அந்தப் பழைய புட்டியை வாங்கி, சுட்ட தேதி எழுதும் கட்டம் ஒன்றை லேபிளில் ஒட்டச் சொன்னார்.

சுட்ட ஆக்சைடில் ஒரு கிராமை மட்டும் திறந்த தட்டில் மேசைமேல் வைத்திருக்கிறேன். நேற்று மாலை 1.000. இன்று காலை 1.021. பழையதராசு ஐயா சொன்ன 1.166 வரை போகிறதா, தாண்டுகிறதா என்று தினமும் எடை போட்டு இங்கேயே எழுதுகிறேன்.